கோபக்கார யானையை வரைந்தவர்

சிங்னே நோர்லின் காலமான செய்தி ஒரு புதன்கிழமை காலையில் என் வீட்டுக்கு வந்தது. பயற்றங்காய் நறுக்கிக்கொண்டிருந்தேன். தபால்காரர் மோட்டார் சைக்கிளை அணைக்காமலே நீட்டிய உறையில் சுவீடன் நாட்டுத் தபால்தலை இருந்தது. முகவரி எழுதியிருந்த கை அவருடையதல்ல. அதைப் பார்த்ததுமே விஷயம் தெரிந்துவிட்டது. இருந்தாலும் காயை நறுக்கி முடித்து, கை கழுவித் துடைத்துவிட்டுத்தான் உறையைப் பிரித்தேன்.

எழுதியிருந்தவர் பிரித்தா. சிங்னேயோடு இருபது ஆண்டுகளுக்கு மேல் ஒரே மேசையில் உட்கார்ந்து படம் எடுத்தவர். கடைசி வாரத்தில் தன்னைப் பார்க்க வந்த மருத்துவர்கள் ஒவ்வொருவரிடமும் சிங்னே, "இன்னும் எத்தனை நாள்? சரியாகச் சொல்லுங்கள்" என்று கேட்டாராம். எல்லாரும் தலையணையைச் சரிசெய்துவிட்டுப் போனார்களாம். ஓர் இளம் மருத்துவர் மட்டும் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, "ஒரு வாரம் இருக்கலாம்" என்றாராம். அவருக்கு மட்டும் சிங்னே ஒரு யானை வரைந்து கொடுத்தாராம். ஆறாவது நாள் போய்விட்டார்.

மலாக்காவில் நம் காஜா பேராங் பகுதியில் அவரைச் 'சின்னம்மா' என்று கூப்பிட்டவர்களில் இன்னும் சிலர் இருக்கிறீர்கள். சிங்னே என்ற பெயர் பிள்ளைகள் வாயில் நுழையாமல் சின்னே ஆகி, சின்னே தானாகவே சின்னம்மா ஆயிற்று. சித்தியைக் கூப்பிடுகிற சொல்லால் ஒரு வெள்ளைக்காரியைக் கூப்பிடுகிறோமே என்று யாருக்கும் தோன்றவில்லை. உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். அவருடைய ஊர்ப் பத்திரிகையில் குழந்தைகளுக்காக அவர் செய்த அசைபடங்களைப் பற்றி நீளமாக எழுதியிருக்கிறார்களாம். மலாக்காவைப் பற்றி ஒரே வரி. போர்க்காலத்தை மலாயாவில் கழித்தார் என்று. அந்த ஒரு வரிக்குள் இருப்பது இங்கே நமக்குத்தான் தெரியும். அதிலும் ஒரு பகுதி எனக்கு மட்டுமே தெரியும்.

அவர் கணவர் நில்ஸ், தோட்டங்களில் ரப்பர்ப் பால் ஆலைகளின் இயந்திரங்களைப் பழுதுபார்க்க வந்தவர். குண்டு விழத் தொடங்கியதும் கப்பலில் இடம் பிடித்து வருகிறேன் என்று சிங்கப்பூருக்குப் போனார். திரும்பவில்லை. ஜப்பான்காரர்கள் மலாக்காவுக்குள் நுழைந்தபோது சிங்னே கம்பெனி பங்களாவில் தனியாக இருந்தார். சுவீடன் போரில் சேராத நாடு என்பதால் அவரைச் சிறைமுகாமுக்கு அனுப்பவில்லை. கையில் கட்டிக்கொள்ள ஒரு துணிப்பட்டையும் முத்திரை குத்திய ஒரு தாளும் கொடுத்து, பங்களாவை விட்டு வெளியேறச் சொன்னார்கள். வெள்ளைத்தோலைக் கண்டாலே கதவைச் சாத்துகிற நேரம் அது. தலைமுறைகளாக மலாய் பேசிவரும் மலாக்காச் செட்டிகளின் குடியிருப்பான கம்போங் செட்டியில் மீனாட்சி பிபிக்தான் தன் வீட்டுப் பின்னறையைத் திறந்துவிட்டார். பிபிக் என்பது செட்டிகள் வயதில் மூத்த பெண்ணை மரியாதையாகக் கூப்பிடும் சொல். அண்டை வீட்டார் பயந்து போய் ஏன் என்று கேட்டபோது, "டியா தாக் அடா ஓராங்" என்றாராம். அவளுக்கு ஆளில்லை. அதற்கு மேல் அவர் காரணம் எதுவும் சொல்லவில்லை.

ஆளில்லை என்று சிங்னேயிடம் மட்டும் யாரும் சொல்லவில்லை. நில்ஸின் சிநேகிதர் ஒருவர் அவ்வப்போது வந்து, "அவர் ஜாவாவில் பத்திரமாக இருக்கிறார்" என்பார். சிங்னே ஓராண்டுக்கு மேல் அதை நம்பி இருந்தார். சிங்கப்பூரில் நில்ஸ் ஏறிய கப்பல் புறப்பட்ட அன்றே மூழ்கிவிட்டதும், அது அந்தச் சிநேகிதருக்கு முதலிலிருந்தே தெரியும் என்பதும் பிறகுதான் தெரிந்தது. "அவர் நல்ல மனிதர். என்மேல் இரக்கப்பட்டு என் ஓராண்டை எடுத்துக்கொண்டார்" என்று ஒருமுறை சொன்னார். சிங்னேக்கும் எனக்கும் இடையே நடந்த பேச்செல்லாம் பாதி மலாய், பாதி ஆங்கிலம். இங்கே தமிழில் தருகிறேன்.

நான் அப்போது தமிழ்ப்பள்ளியில் ஆசிரியை. இருபத்தோரு வயது. காலையில் ஜப்பானியப் பாட்டு, கிழக்கு நோக்கி வணக்கம், பிறகு கொஞ்சம் கணக்கு, கொஞ்சம் தமிழ் என்று பள்ளி நடந்துகொண்டிருந்தது. பிள்ளைகள் மரவள்ளிக்கிழங்கைத் தின்றுவிட்டு வந்து பாதி வகுப்பில் தூங்கிப்போவார்கள். ஒருநாள் கைலியும் கிழிந்த வெள்ளைச் சட்டையுமாக வாசலில் வந்து நின்ற சிங்னே, ஒரு பக்கமாவது வெற்றாக இருக்கும் தாள் கிடைக்குமா என்று கேட்டார். பழைய பரீட்சைத் தாள் கட்டு ஒன்றைக் கொடுத்தேன். அங்கேயே பெஞ்சில் உட்கார்ந்து தாள்களைச் சிறு துண்டுகளாகக் கிழித்து, ஒவ்வொன்றின் ஓரத்திலும் ஏதோ கிறுக்கிக்கொண்டே போனார். மணி அடித்த பிறகும் எழுந்திருக்கவில்லை. கடைசியில் துண்டுகளை அடுக்கி ஒரு கையால் பிடித்து மறுகையின் கட்டைவிரலால் சர்ரென்று விட்டார். தாளில் ஒரு குட்டையான யானை தும்பிக்கையைச் சுழற்றிக் காலைத் தரையில் ஓங்கி உதைத்தது. தூங்கிக்கொண்டிருந்த பிள்ளைகள் எழுந்து ஓடிவந்தார்கள். "இன்னொரு தடவ, இன்னொரு தடவ" என்று மதியம்வரை விடவில்லை.

திருமணத்துக்கு முன் தன் ஊரில் விளம்பரப் படங்களுக்கு வண்ணம் தீட்டுகிற இடத்தில் வேலை செய்ததாகச் சொன்னார். யானை எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். காஜா பேராங் என்றால் என்ன பொருள் என்று பிபிக்கிடம் கேட்டாராம். கோபக்கார யானை என்றாராம் அவர். எதற்கு அதற்குக் கோபம் என்று இவர் கேட்க, "எனக்கென்ன தெரியும், யானையைக் கேள்" என்று சொல்லிவிட்டு பிபிக் அடுப்பைப் பார்க்கப் போய்விட்டாராம்.

பள்ளி அலமாரியில் பழைய படவிளக்கு ஒன்று கிடந்தது. கண்ணாடித் தகட்டில் வரைந்த படத்தைச் சுவரில் பெரிதாகக் காட்டும் பெட்டி. எரிக்க மண்ணெண்ணெய் ஏது? சிங்னே அதன் பின்பக்கத்தைக் கழற்றிவிட்டு, முகம் பார்க்கும் கண்ணாடியால் வெயிலைப் பிடித்து உள்ளே திருப்பினார். அறையை இருட்டாக்கிவிட்டால் பட்டப்பகலில் படம் பளிச்சென்று விழுந்தது. ஒரு தகட்டில் யானையின் உடம்பையும் இன்னொன்றில் தும்பிக்கையையும் கால்களையும் வரைந்து, ஒன்றின்மேல் ஒன்றை நகர்த்துவார். யானை நடக்கும். தகடுகளுக்காகப் பண்டார் ஹிலிரில் மூடிக்கிடந்த புகைப்படக் கடைக்காரரைக் கேட்டோம். யாரும் வாங்க வராத கண்ணாடி நெகட்டிவ்களைக் கொடுத்தார். மாலையும் கழுத்துமாகப் புதுமணத் தம்பதிகள், குழந்தைகள், விறைப்பாக நிற்கும் கிழவர்கள். சோடா உப்பில் கழுவினால் முகம் போய்விடும். கழுவுவதற்கு முன் ஒவ்வொரு முகத்தையும் சிங்னே ஒரு நோட்டில் பென்சிலால் வரைந்து வைத்துக்கொண்டார். எதற்கு இந்த வேலை, யாரென்றே தெரியாதே என்றேன். "தெரியாது என்பதால்தான்" என்றார்.

பள்ளிகளைப் பார்வையிட வரும் பிரசாரப் பிரிவு அதிகாரி ஒருநாள் அந்த யானையைப் பார்த்தார். போருக்கு முன் அவரும் தொடக்கப்பள்ளி ஆசிரியராம். பிள்ளைகளோடு தரையில் உட்கார்ந்து இரண்டு முறை பார்த்தார், வாய்விட்டுச் சிரித்தார். மறுவாரம் வண்ணப் புட்டிகளோடு வந்து, தேவராஜ் என்ற தமிழ் மொழிபெயர்ப்பாளர் மூலம் ஒரு யோசனை சொன்னார். கோபக்கார யானை ஊரோடு சேர்ந்து உழைக்கக் கற்றுக்கொள்ள வேண்டும். மரம் தூக்கி ஆற்றுக்குப் பாலம் கட்ட வேண்டும். கடைசியில் எல்லாரும் சேர்ந்து சோறு சாப்பிட வேண்டும். தோட்டத்துப் பிள்ளைகளுக்குக் காட்டலாம்.

எங்களுக்கு அதில் தப்பாக எதுவும் தெரியவில்லை. சிங்னே இரண்டு மாதம் வரைந்தார். தமிழ்க் கதையை நான் எழுதினேன், பிள்ளைகள் கூடவே சொல்லும்படி எதுகை வைத்து. 'பாலம் கட்டப் போகலாம், பானை நிறைய உண்ணலாம்' என்று ஒரு வரி. மூன்று தோட்டங்களுக்குப் போனோம். ரப்பர்த் தகடுகளைப் புகையில் உலர்த்தும் கொட்டகையில் ஜன்னல் கிடையாது. அங்கே பிள்ளைகளையும் பெரியவர்களையும் உட்காரவைத்து, கதவிடுக்கு வழியாக வெயிலைப் பிடித்துக் காட்டினோம். வெள்ளைத் துணியில் யானை நடந்ததைப் பார்த்துக் கிழவர்கள் கைகூப்பினார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது. அதை இப்போது மறைக்க விரும்பவில்லை. காட்சி முடிந்ததும் எங்களுக்குத் தேநீர் கொடுத்து முதல் லாரியில் அனுப்பிவிடுவார்கள். அதிகாரி மட்டும் பின்தங்கி, கூடியிருந்த ஆண்களிடம் பேசுவார். என்ன பேசினார் என்று நாங்கள் கேட்கவில்லை.

ஐந்தாறு மாதம் கழித்து, முதலில் போன தோட்டத்திலிருந்து பாக்கியம் என்ற பெண் கைக்குழந்தையோடு பள்ளிக்கு நடந்தே வந்தாள். சிங்னேயும் அப்போது அங்கே இருந்தார். பாக்கியம் உட்காரவில்லை.

"டீச்சர், நீங்கதானே பாலம் கட்டப் போகலாம்னு பாடுனது?"

ஆமாம் என்றேன்.

"அந்தப் பாலம் எங்க இருக்கு? எம்புருசன் முனியாண்டி அதுக்குத்தான் போச்சு. சயாமுக்குன்னு சொன்னாங்க. மூணு மாசத்துல வந்துரலாம், அரிசி குடுப்பாங்கன்னு அந்த ஜப்பான் தொர சொன்னாரு. அது போகமாட்டேன்னுதான் இருந்துச்சு. படம் பாத்துட்டுதான் போச்சு."

சயாமில் காட்டுக்குள் ரயில்பாதை போடுகிறார்கள் என்பது மட்டும் எங்கள் காதில் விழுந்திருந்தது. பாக்கியம் மேலே சொன்னாள். கூடப் போன ஒருவன் தப்பி, காலெல்லாம் புண்ணோடு வந்து சேர்ந்திருக்கிறான். வாந்திபேதியில் சாகிறவர்களைக் கூட்டமாகப் புதைக்கிறார்கள் என்று சொல்லியிருக்கிறான். முனியாண்டியைப் பார்த்தாயா என்று கேட்டதற்கு அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"அடுத்த மாசம் திரும்பவும் ஆள் எடுக்க வாராங்களாம். எந்தம்பி பேரும் இருக்கு. நீங்க படிச்சவங்க. ஒங்களுக்குத் தெரியாமயா பாடுனீங்க?"

 சிங்னேக்கு மலாயில் மொழிபெயர்த்துச் சொன்னேன். அவர் எழுந்து பாக்கியத்தின் எதிரே போய் நின்றார். அவருக்குத் தெரிந்த தமிழ் கொஞ்சம். "நான் வரைஞ்சேன்" என்றார். அவ்வளவுதான் சொன்னார். பாக்கியம் அவரை ஏற இறங்கப் பார்த்துவிட்டுப் பிள்ளையைத் தோளில் மாற்றிப் போட்டுக்கொண்டு போய்விட்டாள்.

மறுநாள் சிங்னே சொன்னார், அந்தத் தோட்டத்துக்கு மறுபடியும் போக வேண்டும், கதையின் முடிவை மாற்றிக் காட்ட வேண்டும் என்று. என்னால் முடியாது என்றேன். அப்பா இல்லை, வீட்டில் அம்மாவும் நானும்தான். ஜப்பான் ராணுவப் போலீஸ் கூட்டிக்கொண்டு போனவர்கள் எப்படித் திரும்பினார்கள் என்று நாங்கள் பார்த்திருந்தோம். "நாம் வேண்டுமென்று செய்யவில்லையே" என்றேன்.

"வேண்டுமென்று செய்யவில்லை. ஆனால் செய்தோம். அங்கே போய்ச் சொன்னதை அங்கே போய்த்தான் திருத்த முடியும்" என்றார். பிறகு, "நீ வராவிட்டால் நானே தமிழில் சொல்கிறேன்" என்று ஒத்திகை பார்க்கத் தொடங்கினார். அவர் தமிழில் யானை 'ஏணி' ஆயிற்று, பாலம் 'பழம்' ஆயிற்று. ஏணி பழத்தின்மேல் ஏறிப் போனதைக் கேட்டு, அழுதுகொண்டிருந்த நான் சிரித்துவிட்டேன். வருகிறேன் என்று சொன்னது அந்தச் சிரிப்பில்தான். தைரியம் வந்து சொன்னேன் என்று யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம்.

யானைக்கு இன்னும் கொஞ்சம் கதை சேர்த்திருக்கிறோம் என்றதும் அதிகாரி மகிழ்ந்து அனுமதி கொடுத்தார். தானும் வந்தார். அதே கொட்டகை. முன்வரிசையில் அதிகாரி, பக்கத்தில் தேவராஜ், பின்னால் தோட்டத்துச் சனங்கள். பாக்கியம் கதவோரமாக நின்றாள். யானை மரம் தூக்கியது, பாலம் கட்டியது, பாலத்தைக் கடந்து அக்கரைக் காட்டுக்குள் போனது. புதிய தகடு வந்தது. பாலம் மட்டும் இருந்தது. இக்கரையில் ஒரு குட்டி யானை காத்துக்கொண்டு நின்றது. அடுத்த தகட்டிலும் அதே பாலம், அதே குட்டி. அதற்கு அடுத்ததிலும் அப்படியே. நாங்கள் திட்டமிட்டிருந்தது அவ்வளவுதான். புரிகிறவர்களுக்குப் புரியட்டும் என்று விட்டுவிடுவதாக ஏற்பாடு.

ஒரு பிள்ளை கேட்டது: "டீச்சர், பெரிய யானை எப்ப வரும்?"

அந்த நேரம் பார்த்து வெயிலை மேகம் மறைத்தது. படம் மங்கி அணைந்துபோனது. கொட்டகை கும்மிருட்டாயிற்று. அடுத்து நான் செய்ததை யோசித்துச் செய்யவில்லை. அந்தப் பிள்ளைக்குப் பதில் சொல்வதுபோல, சாதாரணக் குரலில் சொன்னேன்.

"வராது கண்ணு. அங்க போனவங்க யாரும் வரல. அங்க அரிசி இல்ல. வாந்திபேதியில சாகறாங்க. இனிமே கூப்பிட்டா யாரும் போகாதீங்க. பேர் எழுதியிருந்தா இன்னைக்கே எங்கயாவது போயிருங்க. முன்ன நான் பாடுனது பொய்."

 கதவோரம் பாக்கியத்தின் குழந்தை மட்டும் சிணுங்கியது. வெயில் வந்தது. துணியில் குட்டி யானை மறுபடி தெரிந்தது. அதிகாரி தேவராஜ் பக்கம் சாய்ந்து ஏதோ கேட்டார்.  தேவராஜ் நாற்காலியை விட்டு எழுந்து, பணிவாகக் குனிந்து ஜப்பானிய மொழியில் நீளமாகப் பதில் சொன்னார். அதிகாரி தலையாட்டிவிட்டு என்னைப் பார்த்துப் புன்னகைத்தார்.

திரும்பும் வழியில், லாரி நின்ற இடத்தில், தேவராஜ் என் பக்கத்தில் வந்து தண்ணீர் கேட்பதுபோல நின்று சொன்னார். "மேகம் சீக்கிரம் போகட்டும்னு புள்ளைங்கள சாமி கும்பிடச் சொன்னீங்கன்னு சொல்லியிருக்கேன். யாராச்சும் கேட்டா அதையே சொல்லுங்க. ரெண்டு பேரும் ஒரே மாதிரி சொல்லணும், என்னா?" நான் சரி என்றேன். அதற்குப் பிறகு அவரோடு ஒரு வார்த்தை பேசியதில்லை. போர் முடிந்தபின் அவரை ஜப்பான்காரனுக்கு உழைத்தவர் என்று ஊரில் ஒதுக்கினார்கள். நடந்ததை நான் சிலரிடம் சொன்னேன். போதுமான அளவு சொன்னேனா என்று தெரியவில்லை.

அன்று மாலையே அந்த லயத்திலிருந்து, தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளிலிருந்து, பல ஆண்கள் உறவினர் வீடுகளுக்கும் காட்டோரத்துக்கும் போய்விட்டார்கள். பாக்கியத்தின் தம்பியும் போனவன்தான். அவன் பிழைத்தான். எல்லாரும் பிழைக்கவில்லை. ஆள் எடுக்க லாரி திரும்பி வந்தபோது மாட்டிக்கொண்டவர்களும் உண்டு. ஆள் குறைந்ததும், படத்தைப் பார்த்துத்தான் ஓடினார்கள் என்று தோட்டத்தில் யாரோ வாயைத் திறந்திருக்கிறார்கள். இருட்டில் நான் சொன்னதை மட்டும் யாரும் காட்டிக்கொடுக்கவில்லை. நான்காம் நாள் மீனாட்சி பிபிக் வீட்டு வாசலில் ராணுவப் போலீஸ் வண்டி நின்றது.

சிங்னே பதினொரு நாள் உள்ளே இருந்தார். என்னைத் தேடி யாரும் வரவில்லை. ஏன் வரவில்லை என்பது அவர் வெளியே வந்த பிறகுதான் தெரிந்தது. கதையும் தமிழும் எல்லாம் தன்னுடையது, படத்தின் உள்ளர்த்தம் டீச்சருக்குத் தெரியாது, தான் எழுதிக் கொடுத்ததைக் கிளிப்பிள்ளைபோலச் சொன்னாள் என்று சாதித்திருக்கிறார். தமிழ் பேசிக் காட்டு என்றார்களாம். பேசிக் காட்டினாராம். அவர் தமிழ் சரியா என்று தீர்ப்புச் சொல்ல அவர்கள் அழைத்த ஆள் தேவராஜ். மிகச் சுத்தமான தமிழ் என்று அவர் சாட்சி சொல்லியிருக்கிறார்.

வெளியே வந்தபோது சிங்னே பாதிதான் இருந்தார். படவிளக்கையும் தகடுகளையும் அவர் கண்ணெதிரே உடைத்துவிட்டிருந்தார்கள். உள்ளே நடந்தது பற்றிக் கேட்காதே என்றார். எனக்காக ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று அழுதேன். "என்னிடம் முத்திரை குத்திய தாள் இருந்தது. உன்னிடம் இல்லை. கணக்கு அவ்வளவுதான்" என்றார். பிபிக் கஞ்சிக் கிண்ணத்தோடு வந்து, பேசியது போதும் என்று என்னை வீட்டுக்கு விரட்டினார்.

போர் முடிந்து சிங்னே தன் ஊருக்குக் கப்பலேறினார். முதல் சில ஆண்டுகள் பழைய விளம்பரப் பட நிலையத்திலேயே வேலை. சோப்புக் கட்டிகளையும் பற்பசையையும் நடனமாட வைத்தேன் என்று எழுதுவார். பிறகு பிரித்தாவோடு சேர்ந்து ஒரு நிலவறையை வாடகைக்குப் பிடித்தார். அட்டையில் வெட்டிய உருவங்களைக் காமிராவுக்குக் கீழே வைத்து, மயிரிழை நகர்த்தி ஒரு படம், மறுபடி நகர்த்தி ஒரு படம். ஒரு நாள் முழுக்க வேலை செய்தால் யானை நாலு அடி நடக்குமாம். அவரோடு வேலை செய்வது எளிதாக இருந்திருக்காது. வேலையில் இறங்கிவிட்டால் மனிதர்களை மறந்துவிடுவார். ஒருமுறை என் கடிதங்களுக்கு மூன்று ஆண்டு பதிலே இல்லை. என் தாயார் இறந்ததை எழுதியிருந்தேன், அதற்கும் இல்லை. பிறகு ஒருநாள் பதினாறு பக்கக் கடிதம் வந்தது. அதில் மன்னிப்பு இரண்டே வரி, மீதியெல்லாம் யானையின் காதை எப்படி அசைப்பது என்பது. கோபப்பட்டுக்கொண்டேதான் முழுவதையும் படித்தேன்.

'கோபக்கார யானை' அவருடைய முதல் சொந்தப் படம். அதில் யானை பாலத்தைக் கடந்து போகிறது, திரும்பி வருவதில்லை. குட்டி காத்திருந்து, வளர்ந்து, ஒருநாள் தானே பாலத்தைக் கடந்து தேடிப்போகிறது. குழந்தைகள் அழுவார்கள், யானை திரும்பி வருவதாக மாற்றுங்கள் என்று படத்தை வாங்க வந்தவர் சொன்னார். மாற்ற மாட்டேன் என்றார் சிங்னே. ஆறு ஆண்டு அந்தப் படம் பெட்டிக்குள் கிடந்தது. கடைசியில் தொலைக்காட்சியில் ஒரு பெண் அதிகாரி துணிந்து ஒளிபரப்பினார். குழந்தைகள் அழத்தான் செய்தார்கள். பிறகு கடிதம் எழுதினார்கள். யானை எங்கே போனது என்று கேட்ட ஒவ்வொரு பிள்ளைக்கும் சிங்னே தன் கையால் பதில் எழுதினார். தன் தாத்தா இறந்ததை வெளியூர் போயிருக்கிறார் என்று வீட்டில் சொல்லி வைத்திருந்ததாக ஒரு சிறுமி எழுதியிருந்தாளாம். அந்த வீட்டுக்கே ரயிலேறிப் போய்ப் பெற்றோரோடு பேசிவிட்டு வந்தார். அதற்குப் பிறகு வந்த படங்களில் ஆடு உண்டு, ஆந்தை உண்டு, சிரிப்பும் நிறைய உண்டு. "குழந்தைக்கு எதை வேண்டுமானாலும் காட்டலாம். ஏமாற்றத்தான் கூடாது" என்பார். வெளிநாடுகளிலெல்லாம் பரிசு வாங்கின படங்கள் அவை. பரிசு வாங்கியதை அவர் எனக்கு எழுதியதில்லை. பிரித்தா எழுதித்தான் தெரியும்.

நான் தலைமையாசிரியையாக இருந்த கடைசி ஆண்டில் அவர் மலாக்கா வந்தார். அறுபதை நெருங்கியிருந்தார். நம் பள்ளியில் படம் காட்டியது உங்களில் பலருக்கு நினைவிருக்கும். ஆனால் அவர் வந்தது படம் காட்ட அல்ல. இறங்கியதுமே, "பாக்கியம் எங்கே?" என்றார். உஜோங் பாசிரில் மகள் வீட்டில் இருந்தாள். அழைத்துப் போனேன்.

பாக்கியம் அவரை அடையாளம் கண்டுகொண்டாள். சிங்னே சொல்ல வேண்டியதை மலாயில் நிதானமாகச் சொன்னார். நான் வரைந்த படத்தைப் பார்த்துத்தான் உங்கள் கணவர் போனார். தெரியாமல் செய்தேன். ஆனால் நான்தான் செய்தேன். மன்னிக்கச் சொல்லிக் கேட்க வரவில்லை, என் வாயால் உங்கள் முகத்துக்கு நேரே சொல்ல வந்தேன்.

பாக்கியம் நெடுநேரம் சேலைத் தலைப்பை முறுக்கிக்கொண்டிருந்தாள். பிறகு என்னிடம் தமிழில் சொன்னாள்.

"மன்னிக்கிறதுக்கு எனக்கு வரல டீச்சர். சொல்லிருங்க. ஆனா கூட்டிக்கிட்டுப் போனவன் வந்து சொல்லல, லாரி ஓட்டுனவன் வந்து சொல்லல. இந்தம்மா கடல் தாண்டி வந்திருக்கு. எந்தம்பிக்குப் பேரன் பொறந்திருக்கான், அதையும் சொல்லுங்க."

சொன்னேன். சிங்னே தலையைக் குனிந்து அதை வாங்கிக்கொண்டார். அன்று பாக்கியம் வீட்டில் மீன்குழம்பு. மூன்று பேரும் அதிகம் பேசாமல் சாப்பிட்டோம்.

மறுநாள் சிங்னே, "மற்ற இரண்டு தோட்டங்களுக்கும் போவோம்" என்றார். முதல் படத்தை அங்கேயும்தானே காட்டினோம், திருத்திச் சொன்னது ஓரிடத்தில் மட்டும்தானே என்றார். அங்கே இப்போது யாரும் இல்லை, எல்லாரும் சிதறிப் போய்விட்டார்கள் என்று நான் சொன்னேன். அது பொய். ஒரு தோட்டத்தில் பழைய குடும்பங்கள் இருப்பது எனக்குத் தெரியும். வரைந்தது அவர். ஆனால் பாடிய குரல் என்னுடையது. இன்னொரு வாசலில் போய் நிற்க எனக்குத் திராணி இல்லை. அவர் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். நம்பினாரா என்று தெரியவில்லை. மேலே கேட்கவில்லை.

பிரித்தாவின் கடிதம் வந்து பத்து நாள் கழித்து நான் அந்தத் தோட்டத்துக்குப் பஸ் ஏறினேன். ரப்பர் போய், எண்ணெய் எடுக்கும் செம்பனை வந்திருக்கிறது. லயங்கள் இருந்த இடத்தில் சிறு வீடுகள். கேட்டுக் கேட்டுப் போய், ஓய்வுபெற்ற லாரி ஓட்டுநர் ஒருவர் வீட்டில் நின்றேன். அவருக்கு ஆறு வயதிருக்கும்போது தகப்பனார் சயாமுக்குப் போனவர். நான் யார், எதற்கு வந்தேன் என்று சொன்னேன். பாட்டையும் சொன்னேன்.

அவர் நெற்றியைச் சுருக்கினார். "யானையா? எனக்கு ஞாபகம் இல்லீங்களே டீச்சர். எங்கப்பாவ வேல முடிஞ்சு வாரப்ப லாரியில ஏத்திக்கிட்டுப் போனாங்கன்னுதான் அம்மா சொல்லும். படம் பாத்துச்சா இல்லியான்னு யாருக்குத் தெரியும்."

இருந்தாலும் முழுவதையும் சொல்லி முடித்தேன். அவர் குறுக்கே பேசாமல் கேட்டார். மகளைக் கூப்பிட்டுத் தேநீர் போடச் சொன்னார். பிறகு என்னைப் பார்த்து, "இவ்வளவு தூரம் வந்து எல்லாம் சொன்னீங்க. எங்கப்பா பேரு என்னான்னு கேக்கலியே" என்றார்.

சிங்னே என்றால் முதலில் அதைத்தான் கேட்டிருப்பார். அவரிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது, நாம் செய்ததைச் செய்த இடத்திலேயே போய்ச் சொல்வது. அதைக்கூட இத்தனை தாமதமாகத்தான், அதுவும் அரைகுறையாகத்தான் கற்றிருக்கிறேன் என்று அந்த வீட்டில் உட்கார்ந்திருந்தபோது தெரிந்தது.

கேட்டேன். வீராசாமி என்று சொன்னார்.